பாட்டாவின் பந்தும் ஒரு கேபி சாவியும்

2024 டிசம்பர் லீவுக்கு மகள் காலேஜில் இருந்து வந்திருந்தாள். வந்த இரண்டாம் நாளே பழைய ஆல்பத்தைத் தூக்கிக்கொண்டு வந்து ஒரு படத்தைக் காட்டினாள். 2009 கோடையில் எடுத்தது. எங்க அப்பா வேட்டி கட்டி, மேலே என்னோட பழைய ஸ்வெட்டரை மாட்டிக்கொண்டு, டிவிக்கு முன்னால் கையில் வெள்ளை ரிமோட்டோடு நிற்கிறார். பந்து உருட்டுகிற போஸ். பக்கத்தில் ஐந்து வயசில் இவள், வாயெல்லாம் பல்.

"அப்பா, பாட்டாவோட மீ இன்னும் இருக்கா?"

(எங்க ஊர்ப்பக்கம் தாத்தாவைப் பாட்டா என்றுதான் கூப்பிடுவோம். செருப்புக் கம்பெனி ஜோக் எல்லாம் சென்னையில் வேலை பார்த்த காலத்திலேயே கேட்டாச்சு. புதுசா ஏதாவது சொல்லுங்க :-))

தெரியாதவர்களுக்காக: நின்டெண்டோ கம்பெனி 2006 நவம்பரில் 'வீ' என்று ஒரு விளையாட்டுப் பெட்டி விட்டது. ரிமோட்டைக் கையில் பிடித்து வீசினால் திரையில் பந்து உருளும், டென்னிஸ் மட்டை சுழலும். உலகம் முழுக்க 10 கோடிக்கும் மேல் விற்றது. அதில் நம்ம சாயலில் ஒரு பொம்மை செய்துகொள்ளலாம். அதன் பெயர்தான் 'மீ'. அப்பாவுக்கு மீ செய்தது மகள். வழுக்கை, கண்ணாடி, வெள்ளை மீசை, பச்சைச் சட்டை. பெயர் ஆங்கில எழுத்தில் 'பாட்டா'.

இருக்கா என்று கேட்டால் என்ன சொல்ல? பெட்டி செத்து 12 வருஷம் ஆச்சு. 2012 அக்டோபர் கடைசியில் சாண்டி புயல் நியூஜெர்சியைப் புரட்டிப் போட்டபோது எங்க வீட்டு பேஸ்மெண்டில் முழங்கால் அளவுக்குத் தண்ணீர். வீ பெட்டி அதில் ஒரு ராத்திரி முழுக்க ஊறிக் கிடந்தது. அப்பாவும் 2017-ல் போய்விட்டார்.

ஆனால் நான் பொட்டி தட்டுகிற ஆசாமி ஆச்சே. "பேக்கப் இருக்கு, பார்த்துக்கலாம்" என்று கெத்தாகச் சொன்னேன். தங்கமணி ஒரு மாதிரி சிரித்தார். அந்தச் சிரிப்புக்கு அர்த்தம் அன்றைக்கு ராத்திரிதான் புரிந்தது.

கொஞ்சம் கொசுவத்தி சுத்திக்கிறேன்.

எங்க ஊர் அதியன்னூர். நெய்யாற்றின்கரையை ஒட்டி இருக்கிறது. அங்கிருந்து தெற்கே போனால் பாறசாலை, அதைத் தாண்டினால் களியக்காவிளை, அங்கிருந்து தமிழ்நாடு. 1956 நவம்பர் 1-ல் மாநிலங்களைப் பிரித்தபோது தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு நான்கும் தமிழகத்துக்குப் போயின. நெய்யாற்றின்கரை தாலுகாவையும் கேட்டுப் போராடினார்கள், கிடைக்கவில்லை. அதனால் எங்களை மாதிரித் தமிழ் பேசுகிற குடும்பங்கள் கோட்டுக்கு அந்தப் பக்கமே நின்றுவிட்டன. வீட்டில் தமிழ், பள்ளிக்கூடத்தில் மலையாளம். எனக்குத் தமிழ் எழுத்து சொல்லிக்கொடுத்தது அப்பாதான், சிலேட்டில். அண்ணனுக்கும் சொல்லிக்கொடுத்தார், அவனுக்கு அதில் மனசு போகவில்லை.

அம்மா இறந்த மறு வருஷம், 2009 மே கடைசியில், அப்பாவை இங்கே கூட்டிவந்தேன். ஆறு மாசம் இருந்தார். நானும் தங்கமணியும் காலை ஏழரைக்கு ஆணி பிடுங்கக் கிளம்பிவிடுவோம். மகள் சம்மர் கேம்ப், பிறகு பள்ளிக்கூடம். அப்பா தனியாக வீட்டில். ஊரில் காலையில் இறங்கினால் ராத்திரிதான் வீடு திரும்புகிற மனுஷன். இங்கே தெருவில் ஒரு ஆளைப் பார்க்க முடியாது. "போரடிக்குதாப்பா? அந்த வீ விளையாடுங்களேன்" என்று பல தடவை சொல்லியிருக்கிறேன்.

"அது பிள்ளையளுக்க விளையாட்டுல்லா மக்களே. எனக்கு எதுக்கு?" என்பார். சனி ஞாயிறில் பேத்தி கையைப் பிடித்து இழுத்தால் மட்டும் எழுந்து நாலு பந்து உருட்டுவார். அவ்வளவுதான் எனக்குத் தெரிந்தது. அவரைத் தனியாக விட்டுவிட்டோமே என்று இத்தனை வருஷம் உள்ளே ஒரு முள் இருந்தது.

சரி, விஷயத்துக்கு வருவோம். 2010-ல் ஆபீஸ் நண்பர் ஒருவர் பேச்சைக் கேட்டு 'பூட்மீ' என்கிற மென்பொருளைப் போட்டு, வீ பெட்டியின் உள் நினைவகத்தை முழுசாக ஒரு எஸ்டி கார்டில் நகல் எடுத்தேன். கார்டில் இரண்டு கோப்புகள் வந்தன. ஒன்று 528 எம்பி. இன்னொன்று வெறும் ஒரு கேபி. பெரியதைப் பத்திரமாக ஹார்ட் டிஸ்கில் ஏற்றினேன். சின்னதை ஏதோ சில்லறை என்று நினைத்துக் கண்டுகொள்ளவில்லை.

அந்தச் சில்லறைதான் சாவி!

டிசம்பர் ராத்திரி லேப்டாப்பில் 'டால்ஃபின்' போட்டேன். வீ பெட்டி செய்கிற வேலையைச் சாதாரணக் கணினியில் செய்து காட்டுகிற எமுலேட்டர். 2003-ல் முதலில் வெளிவந்து இன்றும் ஆட்கள் சும்மா உழைத்து வளர்த்துக்கொண்டிருக்கிறார்கள். பழைய நகலைக் கொடுத்தேன். "சாவிக் கோப்பைக் காட்டு" என்றது. நான் முழித்தேன். மகள் என்னைப் பார்த்தாள்.

இங்கே கொஞ்சம் டெக்னிகல். பொறுத்துக்கங்க.

வீ பெட்டிக்குள் இருக்கிற 512 எம்பி நினைவகத்தில் எதுவும் அப்படியே எழுதப்படுவதில்லை. ஏ.இ.எஸ். என்கிற முறையில் 128 பிட் சாவி போட்டுக் குழப்பித்தான் எழுதும். சாவி இல்லாமல் பார்த்தால் வெறும் இரைச்சல். சாவியை ஊகித்துப் பார்க்கலாமே என்றால், சாத்தியமான சாவிகளின் எண்ணிக்கை 39 இலக்கம். நொடிக்கு ஒரு லட்சம் கோடி சாவி போட்டுப் பார்த்தாலும் எல்லாவற்றையும் பார்த்து முடிக்க, ஒன்றுக்குப் பின்னால் 19 சைபர் போட்டால் வருகிற அத்தனை வருஷம் ஆகும். தங்கமணி அவ்வளவு பொறுக்க மாட்டார்.

சாவியில் இரண்டு வகை உண்டு. ஒன்று பொதுச் சாவி, எல்லாப் பெட்டிக்கும் ஒன்றே. 2007 கடைசியில் சில கில்லாடிகள் ஒரு சாமணத்தை வைத்து நினைவகச் சில்லின் கம்பிகளை ஒன்றோடொன்று தொட வைத்து, மறைத்து வைத்திருந்த பகுதியை வெளியே எடுத்தார்கள். பொதுச் சாவி அதில் இருந்தது. சாமணத்துக்கு ஆங்கிலத்தில் ட்வீசர் இல்லையா, அதனால் குழுவுக்கே 'டீம் ட்வீசர்ஸ்' என்று பெயர். அந்தச் சாவி உலகத்துக்கே தெரியும்.

இன்னொன்று தனிச் சாவி. ஒவ்வொரு பெட்டிக்கும் வேறு வேறு. தொழிற்சாலையில் சில்லுக்குள் ஒரே ஒரு முறை எழுதுவார்கள், அப்புறம் மாற்ற முடியாது. என் பெட்டியின் நினைவகத்தைப் பூட்டியிருப்பது என் பெட்டியின் சாவி. அடுத்த வீட்டுப் பெட்டியின் சாவி உதவாது. என் பெட்டியோ சாண்டியில் முங்கி, சில்லோடு குப்பைக்குப் போய்விட்டது. (சில நகல்களில் சாவி பெரிய கோப்பின் வாலிலேயே ஒட்டியிருக்கும். என்னுடையதில் இல்லை. என் ராசி அப்படி.)

இதெல்லாம் சட்டப்படி சரியா என்று கேட்பீர்கள். நான் வக்கீல் இல்லை, படித்ததைச் சொல்கிறேன். அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தின் 117-ஆம் பிரிவு, காசு கொடுத்து வாங்கிய கணினி நிரலுக்குப் பாதுகாப்பு நகல் வைத்துக்கொள்ள அனுமதிக்கிறது. 1998-ல் வந்த டிஎம்சிஏ சட்டத்தின் 1201-ஆம் பிரிவு, பூட்டை உடைக்காதே என்கிறது. ஒரு கை கொடுக்கிறது, இன்னொரு கை பிடுங்குகிறது. இந்தியாவில் 52-ஆம் பிரிவு பேக்கப் எடுக்க இடம் தருகிறது. 2012-ல் சேர்த்த 65ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டை உடைப்பதைத்தான் குற்றம் என்கிறது. நோக்கம் என்ற அந்த ஒரு சொல்லில் பெரிய வித்தியாசம்.

சண்டையெல்லாம் சாவியைச் சுற்றித்தான். 2023 மே மாதம் டால்ஃபினை ஸ்டீம் கடையில் வைக்க முயன்றபோது நின்டெண்டோ ஆட்சேபித்தது. பொதுச் சாவி டால்ஃபினுக்குள்ளேயே இருக்கிறது என்பதும் அந்த விவாதத்தில் அடிபட்டது. 2024 பிப்ரவரியில் 'யூசு' என்கிற ஸ்விட்ச் எமுலேட்டர் மேல் வழக்குப் போட்டார்கள். யூசு சாவி எதையும் கொடுக்கவில்லை, பயன்படுத்துகிறவர்களே கொண்டுவர வேண்டும். ஆனாலும் மார்ச் முதல் வாரத்திலேயே 24 லட்சம் டாலருக்குச் சம்மதித்துக் கடையைச் சாத்தினார்கள். திருட்டு விளையாட்டு ஓட்டுகிறவர்கள் ஏராளம் என்பதும் உண்மை. கம்பெனிக்காரன் கோபத்தில் நியாயமே இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் என் அப்பாவின் பொம்மையை எந்தக் கடையிலும் விற்கவில்லையே. அது இருந்த ஒரே இடம் அந்தப் பெட்டிதான்.

ராத்திரி இரண்டு மணிக்கு ஞாபகம் வந்தது. அந்த எஸ்டி கார்டு!

நகல் எடுத்த பிறகு அதே கார்டைக் கேமராவில் போட்டு ஊர் சுற்றிய படங்களை எடுத்தேன். 2010 டிசம்பரில் ஊருக்குப் போனபோது, "நெய்யாற்றின்கரை ஸ்டூடியோவில் கொடுத்துப் பிரிண்ட் போட்டுக்குங்கப்பா" என்று கார்டையே அப்பாவிடம் கொடுத்துவிட்டு வந்தேன். அப்பா எதையும் தூக்கிப் போடுகிறவர் கிடையாது. பால்காரன் சீட்டு முதற்கொண்டு இரும்புப் பெட்டியில் இருக்கும்.

அண்ணன் மஸ்கட்டில் இருக்கிறான். வீட்டில் அண்ணியும் அவர்கள் பையனும். அண்ணி திருவனந்தபுரத்துக்காரர், பையன் மலையாளம் மீடியத்தில் படித்தவன். அவனை வாட்ஸ்அப் வீடியோவில் பிடித்தேன். ஒரு மணி நேரம் தேடினான்.

"சித்தப்பா, கார்டு ஒண்ணும் காணல. கொறே கவர் உண்டு. மேல தமிழ்ல என்னவோ எழுதியிருக்கு, எனக்கு வாயிக்கத் தெரியாது."

"ஒவ்வொண்ணா கேமராவுக்கு நேரா காட்டுடா."

காட்டினான். கரண்ட் பில். எல்ஐசி. தேங்காய் வெட்டுக் கூலி. அம்மா ஆஸ்பத்திரிச் சீட்டு. பதினோராவது கவரில் அப்பாவின் கையெழுத்து: 'சின்னவன் அமெரிக்கா படம். பத்திரம்.' உள்ளே கார்டு. அதே கவரைப் பையன் முக்கால் மணி நேரம் முன்னாலேயே கையில் எடுத்து, ஓரமாக வைத்திருக்கிறான். கடிதாசி என்று நினைத்தானாம்.

முதலில் கார்டு ரீடரில் படிக்கவில்லை. கார்டின் தங்கப் பட்டைகளை ரப்பரால் தேய்த்துத் துடைத்துப் போடச் சொன்னேன், மூன்றாம் தடவை வந்தது. படங்களுக்கு நடுவே அந்த ஒரு கேபி கோப்பு. 1024 பைட். நீங்கள் இப்போது படித்துக்கொண்டிருக்கிற இந்தப் பதிவுகூட அதைவிடப் பெரிசு. அனுப்பினான்.

டால்ஃபினிடம் சாவியைக் கொடுத்தேன். கொஞ்ச நேரம் மென்றுவிட்டு, முடிந்தது என்றது. வீ மெனு அந்தப் பழைய இசையோடு எழுந்தது. மீ சேனலைத் திறந்தோம். பொம்மைகள் எல்லாம் உலாத்திக்கொண்டிருந்தன. நான், தங்கமணி, அப்போது யார் யாரோ வந்துபோன நண்பர்கள். ஓரத்தில் பச்சைச் சட்டை. பாட்டா. மகள் ஒன்றும் பேசவில்லை. நானும்தான்.

இதோடு முடிந்திருந்தால் சந்தோஷமாகப் படுத்திருப்பேன். மகள் கர்சரை நகர்த்தி ஓரத்தில் இருந்த கடித உறையை அழுத்தினாள். வீ பெட்டியில் நாட்காட்டி போல ஒரு செய்திப் பலகை உண்டு. எந்த நாளில் எந்த விளையாட்டு எவ்வளவு நேரம் ஓடியது என்று அதுவே எழுதி வைத்துக்கொள்ளும். நாம் அழிக்க முடியாது. இப்படி ஒன்று இருப்பதே எனக்கு மறந்துபோயிருந்தது.

2009 ஜூலைக்குப் போனாள். ஜூலை 14, செவ்வாய்க்கிழமை. வீ ஸ்போர்ட்ஸ், 2 மணி 5 நிமிடம். புதன், 1 மணி 40. வியாழன், 2 மணி 20. வெள்ளியும் இருந்தது. திங்களும் இருந்தது.

செவ்வாய்க்கிழமை பகலில் வீட்டில் இருந்தது ஒரே ஒரு ஆள்தான்.

ஆகஸ்ட், செப்டம்பர், அக்டோபர் எல்லாம் அப்படியே. நவம்பர் 12, வியாழன், ஊருக்குக் கிளம்பிய முந்தின நாள், 3 மணி 20 நிமிடம். நாங்கள் வீடு திரும்பும்போது டிவி அணைந்து, ரிமோட் அதே இடத்தில், அதே கோணத்தில் இருக்கும். "என்னப்பா பண்ணீங்க?" என்றால், "சும்மா கெடந்தேன்" என்பார்.

"பாட்டா நம்மகிட்ட சொல்லவே இல்லை" என்றாள் மகள்.

வெட்கமா? பிள்ளைகள் விளையாட்டு என்று சொல்லிவிட்டோமே என்ற வீம்பா? தெரியாது. அந்த இரண்டு மணி நேரத்தில் சிரித்தாரா, ஆள் இல்லாத வீட்டில் பொழுதைத் தள்ளினாரா, பெட்டியை ஓட விட்டுவிட்டு சோபாவில் தூங்கிப்போனாரா? பலகை நிமிடத்தை மட்டும்தான் சொல்கிறது. மீதியைக் கேட்க ஆள் இல்லை. ஆனாலும் அந்த முள் கொஞ்சம் மழுங்கினது நிஜம். ஜன்னலையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார் என்றுதான் இத்தனை நாள் என் மனசில் படம் ஓடிக்கொண்டிருந்தது.

மறுநாள் அண்ணன் மகன் இன்னொரு படம் அனுப்பினான். அதே இரும்புப் பெட்டியில் இருந்ததாம். "சித்தப்பா, இது வேணுமா, பழைய பேப்பருக்குப் போடவா?"

என் தாத்தாவின் கணக்குப் புத்தகம். எழுத்து எனக்குத் தெரிகிறது. ஆனால் எண்கள் எல்லாம் ௧, ௨, ௩ என்று பழைய தமிழ் எண்கள். இடையிடையே சுழியும் கொக்கியுமாகப் பின்னக் குறிகள். சின்ன வயசில் அப்பா ஒரு தடவை சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தார். "இதெல்லாம் இப்ப யாருப்பா எழுதறா" என்று ஓடிவிட்டேன்.

இந்த முறை ஓடவில்லை. அப்பா சொன்னதில் ஒட்டிக்கொண்டிருந்தது திருவிதாங்கூர் நாணயக் கணக்கு மட்டும்: 16 காசு ஒரு சக்கரம், 28 சக்கரம் ஒரு ரூபாய். பின்னக் குறிகளுக்கு யூனிகோடு கைகொடுத்தது. 2019 மார்ச்சில் வந்த 12-ஆம் பதிப்பில் பழந்தமிழ்ப் பின்னங்கள், அளவைகள் உட்பட 51 குறிகளைச் சேர்த்திருக்கிறார்கள். முந்திரி என்றால் 320-ல் ஒன்று, காணி 80-ல் ஒன்று, மாகாணி 16-ல் ஒன்று என்று பட்டியலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒரு பக்கத்தை ஞாயிறு முழுக்க உட்கார்ந்து படித்தேன். தேங்காய், ஓலை, கூலி. நடுவில் 'பள்ளிக்கூடத்துக்கு' என்று நாலு சக்கரம். அப்பாவுக்காக இருக்கலாம்.

ஆனால் ஓரத்தில் தாத்தா போட்டிருக்கிற சில குறிகள் எந்தப் பட்டியலிலும் இல்லை. ஒரு பெயருக்கு எதிரே இரண்டு புள்ளி, இன்னொன்றுக்கு எதிரே ஒரு கோடு. கடன் தீர்ந்ததா, தீரவில்லையா? அப்பாவைக் கேட்டிருந்தால் ஒரு நிமிஷத்தில் சொல்லியிருப்பார். பொதுச் சாவி எப்படியோ எங்கேயாவது கிடைத்துவிடுகிறது. தனிச் சாவி ஆளோடு போய்விடுகிறது.

நம்மில் பல பேர் வீட்டில் ஹார்ட் டிஸ்க் நிறையப் படம் இருக்கும். கிளவுடில் இருக்கிறது, பூட்டியிருக்கிறது, பத்திரம் என்று நிம்மதியாக இருப்போம். பாஸ்வேர்டு யாருக்குத் தெரியும்? நமக்கு ஏதாவது ஆனால் வீட்டில் ஒருத்தருக்காவது தெரியுமா? போன் தொலைந்தால் மீட்க வேண்டிய அந்த எண்கள் எந்தத் தாளில் இருக்கின்றன? நகலைத் திறந்து பார்த்தது கடைசியாக எப்போது? திறந்து பார்க்காத பேக்கப்பை பேக்கப் என்று சொல்லாதே என்று ஆபீஸில் ஜூனியர் பசங்களுக்கு நானே பாடம் எடுத்திருக்கிறேன். என் வீட்டில் 14 வருஷம் திறந்து பார்க்கவில்லை.

அடுத்த தடவை ஊருக்குப் போகும்போது பெட்டியைத் திறந்து பெரியவர்களைப் பக்கத்தில் உட்கார வைத்து, இது என்ன, அது யார் என்று ஒரு மணி நேரம் கேளுங்கள். படத்துக்குப் பின்னால் பெயரை எழுதுங்கள். பிள்ளைகளுக்கு வாசிக்கத் தெரிகிற எழுத்திலும் ஒரு வரி எழுதுங்கள். சின்ன வேலைதான். ஒரு கேபி அளவு வேலை.

பி.கு.: வீ ஸ்போர்ட்ஸ் தட்டு மேல் மாடியில் இருந்ததால் நனையாமல் பிழைத்தது. அதைப் படிக்க வேலை செய்கிற ஒரு வீ வேண்டும். தேடிக்கொண்டிருக்கிறோம், பந்து உருட்ட மகளுக்கு ஆசை. சாவிக் கோப்பை இப்போது மூன்று இடத்தில் வைத்திருக்கிறேன். மூன்றாவது, அதியன்னூரில் அப்பாவின் இரும்புப் பெட்டி. கவர் மேல் தமிழிலும் மலையாளத்திலும் பெயர் எழுதி வைக்கச் சொன்னேன். அண்ணன் மகன் எழுத்தைப் பார்த்துப் பார்த்து எழுதிப் படம் அனுப்பினான். கால் போட மறந்து 'சவி' என்று இருந்தது. திருத்தச் சொல்லவில்லை. நாலு எழுத்து கற்றுக்கொண்டால் அவனே திருத்திக்கொள்வான் :-)